மோதிரத்தை விழுங்கிய மீன்

2016 கோடை விடுமுறை. மயூர் விகாரில் எங்கள் ஃபிளாட்டின் கூலருக்கு முன்னால் உட்கார்ந்து ஹாரி பாட்டர் படித்துக்கொண்டிருந்த என் பன்னிரண்டு வயது மகள் திடீரென்று தலையைத் தூக்கினாள். "அப்பா, ஆச்சியை டிமென்டர் பிடிச்சிருக்கா?"

எனக்குப் புரியவில்லை. அவள்தான் விளக்கினாள். 1999இல் வெளிவந்த அந்த வரிசையின் மூன்றாவது நாவலில் ஒரு சிறைச்சாலை வருகிறது. அதைக் காவல் காக்கும் கறுப்பு அங்கிப் பிராணிகள்தான் டிமென்டர்கள். மனிதர்களை நெருங்கி, அவர்களுடைய சந்தோஷ நினைவுகளை உறிஞ்சிக் குடித்துவிடும். மிச்சம் இருப்பவை மோசமான நினைவுகள் மட்டுமே. அதற்கு முதலுதவி சாக்லேட். சொல்லி முடித்தவள் ஃபிரிஜ்ஜைத் திறந்து ஒரு துண்டு சாக்லேட்டை எடுத்துக்கொண்டு ஆச்சியின் அறைக்குப் போனாள். ஆச்சிக்குச் சர்க்கரை வியாதி ஆயிற்றே என்று என் மனைவி பின்னாலேயே ஓடினாள்.

அப்போது அம்மாவுக்கு 72 வயது. மறதி நோய் என்று டாக்டர் சொல்லி ஆறு மாதம் ஆகியிருந்தது.

அன்று இரவு மகள் இன்னொரு கேள்வி கேட்டாள். "நம்ம ஊர்க் கதைல இந்த மாதிரி ஏதும் இல்லையா?" வெளியூர்க் கதைகள் எனக்குக் கொஞ்சம் தெரியும். ஜப்பானியர்களிடம் பாக்கு என்றொரு கற்பனை மிருகம் உண்டு. அது கெட்ட கனவுகளைத் தின்னும். கிரேக்கர்களின் பாதாள உலகத்தில் லெதே என்று ஒரு நதி ஓடுகிறது. அந்தத் தண்ணீரைக் குடித்தால் எல்லாம் மறந்துபோகும். நம்மிடம் என்ன இருக்கிறது என்று யோசித்துக்கொண்டே தூங்கிப்போனேன். விடியற்காலையில் விடை வந்தது. நம்மிடம் இருப்பது ஒரு மீன். அதை எனக்கு அறிமுகம் செய்துவைத்தவளே அம்மாதான்.

காளிதாசனின் சாகுந்தலத்தில் வரும் மீன் அது. காதலன் நினைவில் மூழ்கி, வாசலில் வந்து நின்ற துர்வாசரைக் கவனிக்காமல் விட்டுவிடுகிறாள் சகுந்தலை. யாரை நினைத்துக்கொண்டிருக்கிறாயோ அவன் உன்னை மறந்துபோவான் என்று முனிவர் சபிக்கிறார். தோழி கெஞ்சியதால், அடையாள ஆபரணம் ஒன்றைக் கண்டால் சாபம் தீரும் என்று சலுகை கிடைக்கிறது. துஷ்யந்தன் போட்டுவிட்ட மோதிரம் கையில் இருக்கிறதே என்ற தைரியத்தில் தோழிகள் சாபத்தைப் பற்றி அவளிடம் சொல்லாமலே அனுப்பிவிடுகிறார்கள். வழியில் தீர்த்தத்தில் மோதிரம் நழுவி விழுகிறது. ஒரு மீன் அதை விழுங்குகிறது. ராஜாவின் ஞாபகமே மீனின் வயிற்றுக்குள் போய்விட்ட மாதிரிதான். அந்த மீன் ரோகிதம் என்கிறான் காளிதாசன். இன்று வட இந்தியச் சந்தைகளில் ரோகு என்ற பெயரில் விற்பனையாகிற அதே மீன்.

எங்கள் வீட்டில் ஞாயிற்றுக்கிழமைதோறும் ரோகு வெட்டப்பட்டது. அம்மாவுக்கு அந்த மீனைப் பிடிக்காது. அவள் தூத்துக்குடிக்காரி. சீலா, ஊளி, விளமீன், சாளை என்று கடல் மீனிலேயே வளர்ந்தவள். 1974இல் அப்பாவுக்கு மத்திய அரசில் வேலை மாற்றலாகி, கிழக்குக் கிட்வாய் நகரில் இரண்டு அறைக் குவார்ட்டர்ஸ் கிடைத்தது. கடலுக்கு ஆயிரம் கிலோமீட்டருக்கும் அப்பால் வந்து விழுந்துவிட்டதாக அம்மா சொல்வாள். ஆறுதலுக்கு இருந்தது பத்து நிமிட நடையில் உள்ள ஐ.என்.ஏ. மார்க்கெட். தேங்காய், கறிவேப்பிலை, முருங்கைக்காய், இட்லி அரிசி, மீன் எல்லாம் ஒரே இடத்தில் கிடைக்கும் என்பதால் தில்லித் தமிழர்களும் மலையாளிகளும் எங்கிருந்தெல்லாமோ பஸ் பிடித்து அங்கே வருவார்கள். கடல் மீன் விலை கட்டுப்படியாகாத மாதக் கடைசியில் ரோகுதான். "ஆத்து மீனு, ஒரே முள்ளு, சேத்து வாடை" என்று திட்டிக்கொண்டே வாங்குவாள். திட்டிக்கொண்டே புளியும் தேங்காயும் அரைத்து அருமையாகக் குழம்பு வைப்பாள்.

சின்ன வயதில் தூத்துக்குடிக் கொட்டகை ஒன்றில் எம்.எஸ். சுப்புலட்சுமியும் ஜி.என். பாலசுப்பிரமணியமும் நடித்த ‘சகுந்தலை’ படத்தை அவள் பார்த்திருக்கிறாள். 1940இல் வந்த படம், பல வருடம் கழித்து ஊருக்கு மறுபடி வந்தபோது பார்த்ததாம். அதனால், முற்றத்தில் அரிவாள்மனையைப் போட்டு உட்கார்ந்து மீன் வயிற்றைக் கீறும்போதெல்லாம் ஒரே வேடிக்கைதான். "உள்ள மோதிரம் இருக்கான்னு பாருலே. கெடைச்சா ஒனக்கு சைக்கிள்" என்பாள். நானும் ஒவ்வொரு ஞாயிறும் உண்மையாகவே எட்டிப் பார்ப்பேன். 1983இல் அப்பாவின் போனஸில் பச்சை நிற சைக்கிள் ஒன்று வந்தது. மோதிரம் மட்டும் கடைசிவரை வரவில்லை.

கிட்வாய் நகர் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். சுதந்திர இந்தியாவின் முதல் தகவல் தொடர்பு அமைச்சராகவும் பிறகு உணவு அமைச்சராகவும் இருந்து 1954இல் மறைந்த ரஃபி அகமது கித்வாயின் பெயர் தாங்கிய அரசு ஊழியர் குடியிருப்பு அது. மஞ்சள் சுண்ணாம்பு அடித்த தாழ்வான கட்டடங்கள், வேப்ப மரங்கள், நாவல் மரங்கள், பின்பக்கச் சந்து, காலையில் தில்லி பால் திட்டத்தின் பூத் முன்னால் வரிசை, குளிர்காலத்தில் புல்வெளியில் கயிற்றுக் கட்டில் போட்டு ஸ்வெட்டர் பின்னும் பெண்கள். நடுவே லோடி காலத்துப் பிரமுகர் தரியா கானின் கல்லறை. அதன் மேடையில்தான் நாங்கள் கிரிக்கெட் ஆடினோம்.

குவார்ட்டர்ஸ் வாழ்க்கையில் யாரும் நிரந்தரம் இல்லை. மாற்றல் வரும், ரிட்டயர்மெண்ட் வரும், சாமான் லாரி வரும். பக்கத்து வீட்டில் பஞ்சாபி இருந்த இடத்தில் வங்காளி இருப்பார். அவர் போனால் ஒரு ஒரியாக் குடும்பம் வரும். இத்தனை பேரையும் அம்மா ஞாபகம் வைத்திருந்தாள். இந்தி எழுத்துக் கூட்டிக்கூடப் படிக்கத் தெரியாதவளுக்கு எந்த வீட்டுக்காரர் எந்த அமைச்சகம், எந்த வருடம் எங்கே மாற்றல், எந்தப் பெண்ணுக்கு எந்த ஊரில் கல்யாணம் என்பதெல்லாம் அத்துபடி. ஊரிலிருந்து வேலை தேடி வருகிற பையன்களை "அந்தக்காவைக் கேளுங்க" என்று எங்கள் வீட்டுக்கு அனுப்புவார்கள்.

1984 அக்டோபர் 31 அன்று இந்திரா காந்தியை எடுத்துச்சென்ற மருத்துவமனை எங்கள் வீட்டிலிருந்து நடக்கிற தூரம். சீக்கியர்களுக்கு எதிரான கலவரத்தின் முதல் கற்கள் அன்று மாலை அந்தச் சுற்றுவட்டாரத்தில்தான் விழுந்தன. மாடி வீட்டு சர்தார்ஜி குடும்பம் மூன்று இரவுகள் எங்கள் சமையலறையில் படுத்திருந்தது. அவர்களுடைய ஆறு வயதுப் பையனுக்கு அம்மா இரட்டைப் பின்னல் போட்டு, என் தங்கையின் பாவாடையைக் கட்டிவிட்டாள். யாராவது கதவைத் தட்டினால், இரண்டும் என் மகள்கள் என்று சொல்வதற்காக. யாரும் தட்டவில்லை. ஆனால் அதற்குப் பிறகு பல வருடம், இரவில் கதவு தட்டப்பட்டால் அம்மாவுக்கு உடம்பு நடுங்கும்.

1998இல் அப்பா ரிட்டயர் ஆனார். குவார்ட்டர்ஸைக் காலி செய்துவிட்டு மயூர் விகாருக்கு வந்தோம். 2009இல் அப்பா காலமானார். அம்மாவின் மறதி 2014 வாக்கில் தொடங்கியது. தொடங்கியது என்று இப்போது சொல்கிறேன். அப்போது எனக்குத் தெரிந்தது வேறு.

ஒருநாள் மதியம் சாப்பிட்டு முடித்து ஒரு மணி நேரம் கூட ஆகவில்லை. தங்கையிடம் போனில், "இந்த வீட்ல மத்தியானம் யாரும் எனக்குச் சோறு போடல" என்று அம்மா சொல்லிக்கொண்டிருந்தாள். எனக்கு ஆத்திரம் வந்தது. மருமகளைக் குற்றம் சொல்வதற்காக வேண்டுமென்றே நாடகம் ஆடுகிறாள் என்று நினைத்தேன். "பொய் சொல்லாதேம்மா" என்று கத்தினேன். அவள் விழித்துப் பார்த்தாள். பொய் சொல்லி அகப்பட்டவள் அப்படிப் பார்க்க மாட்டாள் என்பது அப்போது எனக்கு உறைக்கவில்லை.

பிறகு ஒருநாள் மகாபாரதத்தின் ஆதிபர்வத்தைப் புரட்டியபோது ஒரு விஷயம் கண்ணில் பட்டது. சகுந்தலை கதையின் மூலம் அங்கேதான் இருக்கிறது. அதில் சாபமும் கிடையாது, மோதிரமும் கிடையாது, மீனும் கிடையாது. துஷ்யந்தனுக்கு எல்லாம் ஞாபகம் இருக்கிறது. இருந்தும், சபை நடுவே மகனோடு வந்து நிற்பவளைத் தெரியாது என்கிறான். அசரீரி சாட்சி சொன்ன பிறகு, ஊர் சந்தேகப்படக் கூடாது என்பதற்காகத்தான் அப்படிச் செய்தேன் என்று ஒப்புக்கொள்கிறான். அந்தப் பொய்யைக் காளிதாசன் மறதியாக மாற்றினான். மீனையும் மோதிரத்தையும் சேர்த்து, குற்றத்தை ராஜாவின் தலையிலிருந்து இறக்கிச் சாபத்தின் மேல் ஏற்றினான். என் அம்மா விஷயத்தில் நான் ஒரு வருடம் பாரதத் துஷ்யந்தனைப் பார்த்துக்கொண்டிருந்தேன். என் முன்னால் இருந்தது காளிதாசனின் துஷ்யந்தன்.

அந்த ஒரு வருடத்துக்கு விலை கொடுத்தது நான் இல்லை. வேறொருவர்.

2015 மழைக்காலத்தில் அம்மாவின் கல்யாண மோதிரம் காணாமல் போயிற்று. எங்கள் வீட்டில் அப்போது பீகாரைச் சேர்ந்த ஒரு பெண் வேலை செய்துவந்தார். அம்மாவுக்குத் தலை வாரிவிடுவதும் அவர்தான். "அவதான் எடுத்தா, என் கண்ணால பாத்தேன்" என்றாள் அம்மா, சந்தேகமே இல்லாத குரலில். நாங்கள் போலீசுக்குப் போகவில்லை. ஆனால் அந்தப் பெண்ணின் பையைத் திறந்து காட்டச் சொன்னோம். பையில் ஒரு டிபன் டப்பாவும் ஒரு மாற்றுத் துப்பட்டாவும் இருந்தன. அவர் ஒன்றும் பேசவில்லை. பையை மூடி எடுத்துக்கொண்டு போனவர் திரும்பி வரவில்லை. அரை மாதச் சம்பளம் பாக்கி.

இரண்டு மாதம் கழித்துத் துவரம்பருப்பு டப்பாவின் அடியில் மோதிரம் கிடைத்தது. கைக்குட்டையில் முடிந்து, பத்திரமாக. திருடன் வந்துவிடுவான் என்று பயந்து அம்மாவே ஒளித்துவைத்திருக்கிறாள். ஒளித்ததை மீன் விழுங்கிவிட்டது. தான் பார்த்திராத ஒன்றைப் பார்த்ததாக, காலியான அந்த இடத்தை அவள் மனசே இட்டு நிரப்பிவிட்டது.

சாகுந்தலத்தில் ரொம்பப் பேருக்கு ஞாபகம் இல்லாத ஒரு காட்சி உண்டு. மீனின் வயிற்றில் கண்டெடுத்த மோதிரத்தை விற்கப் போகும் செம்படவனைக் காவலர்கள் பிடித்துக் கையைக் கட்டி, அடித்து இழுத்து வருகிறார்கள். உனக்கு ஏது ராஜ மோதிரம் என்று கேட்கிறார்கள். அவனுடைய தொழிலைக் கேலி செய்கிறார்கள். கொல்லப்போகிறோம் என்று மிரட்டுகிறார்கள். மறந்தது ராஜா, தொலைத்தது ராஜாவின் மனைவி, விழுங்கியது மீன். அடி வாங்கியது செம்படவன். பெரிய வீட்டின் ஞாபகம் தொலைந்தால் முதலில் சோதனை போடப்படுவது ஏழையின் பை என்பது காளிதாசனுக்குத் தெரிந்திருக்கிறது.

விசாரித்துக்கொண்டு திரிலோக்புரியில் அவர் வீட்டுக்குப் போனேன். மன்னிப்புக் கேட்டேன். பாக்கிச் சம்பளத்தை மட்டும் எண்ணி எடுத்துக்கொண்டார். அதற்கு மேல் நான் வைத்த பணத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டார். மறுபடி வேலைக்கு வர முடியுமா என்று கேட்டதற்குத் தலையை ஆட்டி மறுத்தார். வாசல் வரை வந்தவர், "அம்மாஜியை டாக்டரிடம் காட்டுங்கள். என் மாமியாருக்கும் இப்படித்தான் ஆரம்பித்தது" என்றார். படித்த வீட்டில் யாருக்கும் தோன்றாதது, திருடி என்று பெயர் வாங்கிய பெண்ணுக்கு முதல் நாளே தெரிந்திருக்கிறது.

டாக்டர் படம் வரைந்து காட்டினார். மூளையின் இரு பக்கத்திலும், காதுக்கு நேர் உள்ளே, ஹிப்போகாம்பஸ் என்று ஒரு பகுதி. இன்று காலை நடந்ததை நாளைக்கு ஞாபகமாக மாற்றிவைப்பது அதன் வேலை. ஆல்சைமர் நோயில் பெரும்பாலும் முதலில் பழுதாகிற இடங்களில் அதுவும் ஒன்று. அதனால்தான் நேற்றுச் சாப்பிட்டது மறந்துபோய், ஐம்பது வருடத்துக்கு முந்தைய தூத்துக்குடி பளிச்சென்று இருக்கிறது. 1906இல் ஜெர்மன் மருத்துவர் அலோய்ஸ் ஆல்சைமர், இறந்துபோன ஒரு பெண் நோயாளியின் மூளையை ஆராய்ந்து முதன்முதலில் விவரித்த நோய் இது. நரம்பணுக்களுக்கு வெளியே அமிலாய்டு என்ற புரதம் திட்டுத்திட்டாகப் படிகிறது. உள்ளே டௌ என்ற புரதம் சிக்கலாக முறுக்கிக்கொள்கிறது. அணுக்கள் சாகின்றன. இப்போதுள்ள மருந்துகள் சிலருக்கு வேகத்தைக் கொஞ்சம் குறைக்கும். போனதைத் திருப்பித் தராது.

அந்தப் பெயருக்கு என்ன அர்த்தம் என்று வீட்டுக்கு வந்து தேடினேன். கிரேக்கப் புராணத்தில் முன்பாதி குதிரையும் பின்பாதி மீனுமான ஒரு விலங்குக்கு அந்தப் பெயர். கடல் தெய்வத்தின் ரதத்தை அது இழுக்கும். கடல்குதிரைக்கும் அதே பெயர்தான். மூளையின் அந்தப் பகுதி பார்வைக்குக் கடல்குதிரை போல வளைந்திருப்பதால் 16ஆம் நூற்றாண்டில் ஓர் இத்தாலிய உடற்கூற்று அறிஞர் அப்படிப் பெயர் வைத்தார். மகளிடம் இதைச் சொன்னபோது அவளுக்கு ஒரே பரவசம். ஆச்சியின் மோதிரத்தை விழுங்கிய மீன் ஆச்சியின் தலைக்குள்ளேயே இருக்கிறது என்றாள். எனக்குப் பரவசப்பட முடியவில்லை. மன்னார் வளைகுடாவில் வலையில் ஏறுகிற கடல்குதிரைகளைப் பார்த்து வளர்ந்தவள் அம்மா. அவளுடைய மொத்த வாழ்க்கையும் ஒரு கடல்குதிரையின் முதுகில் இருந்திருக்கிறது.

2023இல் வெளியான ஓர் ஆய்வின் மதிப்பீட்டின்படி இந்தியாவில் 60 வயதைத் தாண்டியவர்களில் சுமார் 88 லட்சம் பேருக்கு டிமென்ஷியா இருக்கிறது. நூற்றுக்கு ஏழு பேருக்கும் மேல். இத்தனை வீடுகளிலும் ஒரு காட்சி தவறாமல் நடக்கிறது என்று நினைக்கிறேன். வந்தவர் போனவர் எல்லாம் குனிந்து, சத்தமாக, குழந்தையிடம் கேட்பது போலக் கேட்பார்கள்: "நான் யாருன்னு தெரியுதா?"

நானும் கேட்டேன். மூன்று வருடம் தினமும் கேட்டேன். போட்டோ ஆல்பத்தை எடுத்து வைத்துப் பரீட்சை நடத்தினேன். இது யார், இது எந்த வருஷம், இது யார் கல்யாணம்? சரியாகச் சொன்ன நாளில் எனக்குச் சந்தோஷம். சொல்லாத நாளில் இருவருக்கும் அழுகை. நல்ல எண்ணத்தில்தான் செய்தேன். ஆனால் அது துஷ்யந்தன் சபையில் நடந்த அதே விசாரணை. அடையாளம் எங்கே, மோதிரம் எங்கே? ஒரே ஒரு வித்தியாசம். அங்கே மறக்கப்பட்டவளிடம் மோதிரம் கேட்டார்கள். இங்கே மறந்துபோனவளிடம் நான் கேட்டுக்கொண்டிருந்தேன்.

கடைசி முயற்சியாக 2019 பிப்ரவரியில் ஒரு ஞாயிறு அன்று டாக்சி பிடித்து அம்மாவைக் கிட்வாய் நகருக்குக் கூட்டிக்கொண்டு போனேன். 24 வருடம் வாழ்ந்த வீட்டைப் பார்த்தால் ஏதாவது திரும்பி வரும் என்று ஒரு நம்பிக்கை. பழைய குடியிருப்பை இடித்துப் புதிதாகக் கட்டுகிறார்கள் என்று பத்திரிகையில் படித்திருந்தேன். ஆனால் படிப்பது வேறு, பார்ப்பது வேறு. 86 ஏக்கர் நிலத்தில் எங்கள் மஞ்சள் வீடுகள் ஒன்றுகூட இல்லை. 4,600க்கும் மேற்பட்ட வீடுகளுக்கான உயரமான அடுக்குமாடிக் கட்டடங்கள் வானத்தை மறைத்துக்கொண்டு நின்றன. பால் பூத் இல்லை, சந்து இல்லை, எங்கள் வேப்ப மரமும் இல்லை. எந்தப் பக்கம் எங்கள் வீடு இருந்தது என்று எனக்கே தெரியவில்லை. காவலாளி எங்களை நிறுத்தி, "யாரைப் பார்க்க வேண்டும், எந்த டவர்?" என்று கேட்டார். சொல்வதற்கு எங்களிடம் பெயரும் இல்லை, எண்ணும் இல்லை. தரியா கானின் கல்லறை மட்டும் வேலிக்குள் அப்படியே இருந்தது, ஆற்றுக்கு அடியில் கிடக்கும் மோதிரம் போல. அம்மாவுக்கு அதுவும் தெரியவில்லை. "இது எந்த ஊரு தம்பி?" என்று என்னைக் கேட்டாள். முந்தைய வருடமே நான் அவளுக்குத் தம்பி ஆகியிருந்தேன்.

அழுகையை அடக்கிக்கொண்டு, வந்ததற்கு மீனாவது வாங்கலாம் என்று ஐ.என்.ஏ. மார்க்கெட்டுக்குப் போனோம். உள்ளே நுழைந்து அந்த வாடை முகத்தில் அடித்ததுமே அம்மாவின் நடை மாறியது. என் கையை விட்டுவிட்டு முன்னால் போனாள். ஒரு கடையில் நின்று மீனின் செவுளைத் தூக்கிப் பார்த்தாள். "பாசி ஹை" என்றாள், பழசு என்று. நான்கைந்து மாதமாக அவள் வாயில் இந்தி வந்ததே இல்லை. கடைக்காரர் சிரித்துவிட்டு வேறு மீனை எடுத்துப் போட்டார். ரோகு. பேரம் பேசினாள். கத்தி மீனின் வயிற்றில் இறங்கியது.

அம்மா என் பக்கம் திரும்பினாள். "தம்பி, உள்ள மோதிரம் இருக்கான்னு பாக்கச் சொல்லுங்க."

எனக்குத் தொண்டை அடைத்தது. "கெடைச்சா?" என்றேன்.

"கெடைச்சா எம் பையனுக்கு ஒரு சைக்கிள் வாங்கணும். ரொம்ப நாளாக் கேட்டுக்கிட்டே இருக்கான், பாவம்."

வழக்கம் போல, "அந்தப் பையன் நான்தாம்மா, என்னைப் பாரு" என்று சொல்ல வாய் வரை வந்தது. சொல்லவில்லை. முதன்முறையாகச் சொல்லாமல் விட்டேன். "வாங்கிக் குடுத்துட்டீங்களே. பச்சைக் கலர் சைக்கிள். நல்லா ஓட்டுறான்" என்றேன்.

"அப்படியா? நல்லதாப் போச்சு" என்றாள். அவள் முகத்தில் அப்படியொரு நிம்மதியைப் பார்த்து ரொம்ப நாள் ஆகியிருந்தது. பையைத் தூக்கிக்கொண்டு நான் பின்னால் நடந்தேன்.

அன்றிலிருந்து பரீட்சையை நிறுத்தினேன். ஆல்பம் அலமாரிக்குப் போயிற்று. தினமும் காலையில் காப்பியோடு அவள் அறைக்குப் போய் நானே என்னை அறிமுகம் செய்துகொண்டேன். "வணக்கம்மா, நான் கிட்வாய் நகர்ப் பையன்." சில நாள் சிரிப்பாள். சில நாள், "கிட்வாய் நகர்லயா? எங்க வீடும் அங்கதான்" என்பாள். ஒருநாள் நான் ஊட்டிய இட்லியைச் சாப்பிட்டுவிட்டு, "ஒங்கம்மா குடுத்து வச்சவ" என்றாள். என்னை அடையாளம் தெரிந்த காலத்தில் அவள் ஒருபோதும் சொல்லாத வார்த்தை அது.

என் மகளின் புத்தகத்தில் வரும் பிராணி நல்ல நினைவுகளை மட்டும் தின்னும். நம்முடைய மீனுக்கு அந்தப் பேதம் இல்லை. அம்மாவின் 1984ஆம் வருடத்து இரவுகளையும் அது விழுங்கிவிட்டது. கடைசி வருடங்களில் இரவில் கதவு தட்டப்பட்டபோது அவள் நடுங்கவில்லை. அதற்காக நான் வருத்தப்படவில்லை. ஆனால் ஒரு பையனுக்கு இரட்டைப் பின்னல் போட்ட கை அவளுடையது என்பதும் அதோடு சேர்ந்து போயிற்று. வீடு இடிக்கப்பட்டுவிட்டது. அந்தக் குடும்பம் எங்கேயோ மாற்றலாகிப் போய்விட்டது. அவள் மறந்த பிறகு அதை ஞாபகம் வைத்திருக்க வேண்டிய பொறுப்பு என்னுடையது. மருந்துக்கும் சாபவிமோசனத்துக்கும் காத்திருந்த வருடங்களில் நான் புரிந்துகொள்ளத் தவறியது இதுதான். மறந்துபோனவர்கள் நம்மை அடையாளம் காண வேண்டும் என்று அவசியமில்லை. நாம் அவர்களை அடையாளம் கண்டால் போதும்.

2022 ஜனவரியில் அம்மா தூக்கத்திலேயே போய்ச் சேர்ந்தாள். படுக்கையைச் சுத்தம் செய்தபோது மெத்தைக்கு அடியில் சாக்லேட் சுற்றிய வெள்ளித்தாள்கள் கிடைத்தன. ஒவ்வொன்றும் நகத்தால் நீவி, நான்காக மடிக்கப்பட்டிருந்தது. எண்ணிப் பார்த்தால் நாற்பதுக்கு மேல். மனைவிக்குத் தெரியாமல் ஆறு வருடமாக மகள் வைத்தியம் பார்த்திருக்கிறாள்.

திரிலோக்புரிக்கு மறுபடி ஒருமுறை போய், அம்மா போய்விட்டாள் என்று அந்தப் பெண்ணிடம் சொன்னேன். சற்று நேரம் பேசாமல் இருந்தார். பிறகு, "அந்த மோதிரம்?" என்று கேட்டார். அம்மாவின் விரலிலேயே கடைசிவரை இருந்தது என்றேன். நல்லது என்று தலையசைத்தார். டீ போட்டுக் கொடுத்தார். குடித்துவிட்டு வந்தேன்.